பலாப்பழத்துக்கு மகஜர்

இந்தியாவிலேயே பலாப்பழத்தைக் கைது செய்த ஒரே அதிகாரி எங்கள் டெல்லி ஐயாதான். சும்மா சொல்லவில்லை. அந்தக் கைதுக்குச் சாட்சிக் கையெழுத்துப் போட்டவனே நான்தான்.

அப்போது நான் கொல்லிமலை செம்மேட்டில் போஸ்ட்மாஸ்டர். குடும்பம் கீழே நாமக்கல்லில். எழுபது கொண்டை ஊசி வளைவுகளுக்கு மேலே நானே பொங்கி நானே தின்றுகொண்டிருந்தேன். ஒரு நாள் நெட்டையாக ஒருவர் ஆபீசுக்குள் வந்தார். முதுகைச் சுவருக்குக் கொடுத்து, வாசலைப் பார்த்தபடி நின்றுகொண்டு, "இந்தக் கட்டடத்துக்குப் பின்பக்கம் வழி உண்டா?" என்றார். இல்லை என்றேன். "நல்லது" என்று ஒரே ஒரு தபால் உறை வாங்கிக்கொண்டு போனார். அன்று முழுக்க எனக்கு எதையோ திருடிவிட்ட மாதிரியே இருந்தது.

மத்திய அரசின் புலனாய்வுத் துறையில் உதவி ஆய்வாளராகச் சேர்ந்து, கல்கத்தா, கவுகாத்தி, டெல்லி என்று முப்பத்தாறு வருடம் உருண்டு, இணை இயக்குநராக ஓய்வு பெற்றவர் அவர்; அதனால்தான் மலையில் அவருக்கு டெல்லி ஐயா என்று பெயர். மனைவி காலமாகிவிட்டார். ஒரே மகள் பெங்களூரில். கொல்லிமலையிலேயே குண்டூர் நாடு என்ற பகுதியில் ஒரு மிளகுத் தோட்டத்தை வாங்கி, இனி இந்த மலைதான் என்று வந்துவிட்டார். மகள் ஒரு நிபந்தனை போட்டிருந்தாள். ஒரு வருடத்துக்குள் ஒரு வெள்ளாமையையாவது ஒழுங்காக எடுத்துக் காட்ட வேண்டும். இல்லாவிட்டால் தோட்டத்தை விற்றுவிட்டு அவளுடைய பதினாலாவது மாடிக்கு வந்துவிட வேண்டும். பதினாலாவது மாடி என்று சொல்லும்போதே அவர் முகம் சுருங்கும்.

பெரிய பெரிய வங்கித் தலைவர்கள் அவர் பெயரைக் கேட்டாலே பிரஷர் மாத்திரையைத் தேடுவார்களாம். மலைக்காரர்களுக்கு அது பெரிதாகப் படவில்லை. "இத்தன வருசம் உத்தியோகம் பார்த்தும் செம்மேடு ஸ்டேசனுக்கு ஒரு தடவகூடப் போஸ்டிங் தரலீங்களா?" என்று உண்மையாகவே வருத்தப்பட்டார்கள்.

அவருடைய பெருமையெல்லாம் ஒன்றுதான். முப்பத்தாறு வருடத்தில் அடுத்தவர் வீட்டில் ஒரு வாய் தண்ணீர் குடித்ததில்லை. ஒரு மந்திரி வீட்டைச் சோதனை போடப் போனபோது, தன் ஆட்கள் அத்தனை பேருக்கும் எலுமிச்சை சாதம் கட்டிக்கொண்டு போனாராம். தீபாவளிக்கு யாரோ அனுப்பிய ஸ்வீட் பாக்ஸை ரிஜிஸ்டர் தபாலில் திருப்பி அனுப்பி, ஒப்புகை அட்டையைப் பத்திரமாக வைத்திருந்தார். அதனால்தான் தபால்துறை மீது அவருக்குத் தனி மரியாதை, எனக்கும் அதில் கொஞ்சம் கிடைத்தது.

இந்த விரதத்துக்குக் காரணம் ஒரு டீ. வேலைக்குச் சேர்ந்த புதிது. நல்ல மழையில் ஓர் அதிகாரியின் வீட்டைச் சோதனை போட்டிருக்கிறார். அந்த வீட்டம்மா மனசு கேட்காமல் டீ கொடுக்க, இவரும் குளிருக்கு வாங்கிக் குடித்துவிட்டார். கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் ஆவணங்களைத் தொடவே இல்லை.

"டீ குடித்தீர்களா?"

"குடித்தேன்."

"சர்க்கரை போட்டிருந்ததா?"

"போட்டிருந்தது."

"நன்றாக இருந்ததா?"

கோர்ட்டே சிரித்ததாம். கேஸும் தோற்றது. தோற்றதற்கு வேறு நூறு காரணம் இருந்திருக்கும். ஆனால் அந்த டீதான் என்று இவர் முடிவு செய்துவிட்டார்.

இப்பேர்ப்பட்ட மனிதரின் வாசலில் ஒரு நாள் காலை ஒரு பலாப்பழம் இருந்தது. யார் வைத்தது என்று தெரியவில்லை. கொல்லிமலையில் இது சாதாரணம். பழம் பழுத்தால் பக்கத்து வீட்டு வாசலில் ஒன்றை வைத்துவிட்டுப் போவார்கள். சொல்லிக்கொண்டு வைக்கும் வழக்கமில்லை. ஐயாவோ உடனே ஜீப்பை எடுத்துக்கொண்டு வந்து என்னையும் கால்நடை டாக்டரையும் ஏற்றிக்கொண்டு போனார்.

"பறிமுதல் செய்தால் இரண்டு அரசு ஊழியர்கள் சாட்சி வேண்டும்" என்றார்.

"பலாப்பழத்துக்கா சார்?"

"பொருள் எதுவானால் என்ன?"

பறிமுதல் விவரத்தை மகஜராக எழுதினார். 'பலாப்பழம் ஒன்று. பழுத்த நிலையில். காம்பின் அருகே அணில் கடித்த அடையாளம்.' அணில்தான் என்று டாக்டர் சான்று கொடுத்தார். நான் கையெழுத்துப் போட்டேன். பழத்தைச் சாக்கில் கட்டி, அரக்கு முத்திரை வைத்து, ஓர் அறையில் பூட்டினார். இரண்டு நாள் கழித்து இன்னொன்று வந்தது. அப்புறம் இன்னொன்று. பூட்டிய அறையிலிருந்து வந்த வாசனையில் குண்டூர் நாட்டு ஈக்கள் அத்தனையும் அவர் வீட்டுக்குக் குடிவந்துவிட்டன.

நாலாவது பழத்தோடு ஆள் சிக்கியது. விடிகாலையில் காப்பிச் செடிக்குப் பின்னால் பதுங்கியிருந்து பிடித்தார். பக்கத்துத் தோட்டத்துச் செல்லம்மாள். அறுபது வயதிருக்கும். தலையில் பழத்தோடு அப்படியே நிறுத்தி வைத்துவிட்டு எங்களுக்குப் போன் பண்ணியிருக்கிறார். நாங்கள் போனபோது விசாரணை நடந்துகொண்டிருந்தது.

"எதுக்காக வச்சீங்க?"

"பழுத்துச்சுங்க சாமி."

"அது தெரியுது. என்கிட்ட என்ன காரியம் ஆகணும்?"

"ஒரு காரியமும் இல்லீங்க. பழுத்துச்சு, கொண்டாந்தேன்."

நோக்கமே இல்லாத குற்றத்தை ஐயா தன் சர்வீஸில் பார்த்ததில்லை. பாவம், திணறிப்போனார். கடைசியில் அந்தப் பழத்தைத் தானே சுமந்துபோய் அவள் வீட்டில் திருப்பிக் கொடுத்து, 'நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன்' என்று அவள் புருஷன் வெள்ளையனிடம் கையெழுத்தும் வாங்கிவிட்டார். வெள்ளையன் முகத்தைத் திருப்பிக்கொண்டு உள்ளே போய்விட்டான். அதோடு ஐயாவின் வாசலில் பழம் வைப்பது நின்றது. கேஸ் முடிந்தது என்று அவர் சந்தோஷப்பட்டார்.

தை பிறந்தது. கொடியில் மிளகு ஒன்றிரண்டு சிவக்கத் தொடங்கியது. பறிக்க ஆள் கூப்பிட்டால் ஒருவருமே வரவில்லை. ஒருவருக்கு இடுப்பு வலி, ஒருவருக்கு மச்சினன் ஊட்டுக் கல்யாணம். ஐயாவே மூங்கில் ஏணியைச் மிளகுக்கொடி படர்ந்த சில்வர் ஓக் மரத்தில் சாய்த்து நாலு படி ஏறி, ஐந்தாவதில் கால் வைத்ததும் விழுந்தார். மிளகு கீழே கொட்டத் தொடங்கியது. மகள் தினமும் போன் செய்தாள். முழங்கையில் கட்டோடு போஸ்ட் ஆபீஸுக்கு வந்தார். முதல் தடவையாக வாசலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தார்.

"என் மேல என்ன குற்றச்சாட்டு போஸ்ட்மாஸ்டர்?"

முத்திரைக் கட்டையைக் கீழே வைத்தேன். "பழத்தைத் திருப்பிக் கொடுத்தா, உங்க உறவே வேண்டாம்னு அர்த்தம் சார்" என்றேன்.

நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தார். அப்புறம் என்னையும் கூட்டிக்கொண்டு செல்லம்மாள் வீட்டுக்குப் போனார். வெள்ளையன் கட்டிலை எடுத்துப் போட்டான். உட்கார் என்று சொல்லவில்லை.

"ஏனுங்க, இப்ப எங்ககிட்ட என்ன காரியம் ஆகணும்?" என்று கேட்டான். அதே கேள்வி.

ஐயா பொய் சொல்லத் தெரியாதவர். "மிளகு பறிக்க ஆள் வேணும்" என்று ஆரம்பித்தவர், சட்டென்று நிறுத்தினார். எனக்கு அந்த முகம் இன்னும் நினைவிருக்கிறது. காரியத்துக்காக ஒரு வீட்டு வாசலில் வந்து நிற்கிற ஆட்களைத்தானே இவர் முப்பத்தாறு வருடமாகப் பிடித்துக்கொண்டிருந்தார்!

"இல்ல. மிளகு வேண்டாம்" என்றார். "அது கொட்டினா கொட்டட்டும், நான் மக வீட்டுக்குப் போயிக்கறேன். அன்னிக்கு நான் செஞ்சது தப்பு, அதைச் சொல்லத்தான் வந்தேன். முடிஞ்சா ஒரு டீ குடுங்க."

உள்ளேயிருந்து செல்லம்மாள் எட்டிப் பார்த்தாள். "சக்கர போடலாமுங்களா?"

ஐயா என்னைத் திரும்பிப் பார்த்தார். பிறகு மெதுவாக, "போடுங்க" என்றார்.

டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக் குடித்தார். செல்லம்மாள் சும்மா இருக்கக் கூடாதா? "நல்லா இருக்குதுங்களா சாமி?" என்றாள்.

ஐயா கடைசிச் சொட்டையும் குடித்து முடித்தார். "ரொம்ப நல்லா இருக்கும்மா." கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

அவரை நான் பார்த்துப் பார்த்துச் சிரித்திருக்கிறேன். அன்றைக்குச் சிரிப்பு வரவில்லை.

மறுநாள் காலை டீ குடிக்கும் முன்பே அவர் தோட்டத்தில் பதினோரு ஏணிகள் நின்றன. முதல் ஏணியில் வெள்ளையன். ஐயா கீழே நின்று, "நான் கேட்கவே இல்லையே!" என்று ஒவ்வொரு ஏணியிடமும் முறையிட்டுக்கொண்டிருந்தார். பதினாலாவது மாடிக்கு அவர் போகவில்லை.

எனக்கு மாற்றலாகி நாமக்கல் வந்துவிட்டேன். போன ஆனியில் ஒரு நாள் மலை பஸ் கண்டக்டர் ஒரு சாக்கு மூட்டையைக் கொண்டுவந்து இறக்கினார். "யாரு குடுத்தாங்கன்னு சொல்லக் கூடாதுன்னுட்டாங்க சார்" என்றார். முடிச்சின் மேல் அரக்கு முத்திரை. உள்ளே ஒரு பலாப்பழம்.

எதற்கு அனுப்பினார் என்று நான் விசாரிக்கவில்லை. பழுத்திருக்கும்.