அம்மா அசையாத படம்

ஸ்பிரிங்வேல், மெல்பேர்ண்
ஆனி 1976

பேரன்புள்ள மகேந்திரராஜா மாமாவுக்கு,

மருமகன் இந்திரகுமார் பணிவுடன் எழுதுவது. நல்லூரான் புண்ணியத்தில் இங்கே எல்லோரும் சுகம். அம்மாவைத் தவிர என்று எழுதினால் அம்மா கோபிப்பார். ஆகவே அம்மாவும் சுகம்.

"அக்காவின்ரை நரம்புத் தளர்ச்சியை ஊருக்குப் படம் போட்டுக் காட்டப் போறியோ?" என்று கண்டித்து நீங்கள் எழுதியது கிடைத்தது. பயப்படாதீர்கள். ஊருக்குக் காட்டும்படி என் படத்தில் ஒன்றுமே இல்லை.

கணக்கியலை விட்டுத் திரைப்படக் கல்லூரிக்கு ஓடியவன், கடைசி வருடத் தேர்வுக்கு எங்கள் வீட்டையே ஆவணப்படமாக எடுக்க நினைத்தேன். அம்மா ஏன் நாள்கணக்காகக் கட்டிலை விட்டு எழும்புவதில்லை, அதைப்பற்றி ஏன் வீட்டில் ஒருவரும் வாய் திறப்பதில்லை என்று துணிந்து கேட்கும் படம் என்று பேராசிரியரிடம் அளந்தும் விட்டேன். படம் என்றதும், எழும்பாத அம்மா எழும்பிக் கூறைச்சேலை உடுத்து, பவுடர் போட்டு, ஸ்டூடியோவில் இருப்பதுபோல் கதிரையில் மூச்சடக்கி இருந்தார். அப்பா கோட்டும் டையுமாகப் பின்னால் நின்றார். கதைக்கச் சொன்னேன். "அசைஞ்சால் படம் பழுதாப் போகுமடா" என்றார் அம்மா, உதடு பிரியாமல். "இது அசையிற படம் அம்மா!" என்றேன். "அப்ப நீ கமராவை அசை" என்றார் அப்பா. படச்சுருள் முழுக்க இதே காட்சிதான். பேராசிரியர் பார்த்துவிட்டு, குடும்பத்தின் இறுக்கத்தை அற்புதமாகப் பிடித்திருக்கிறாய் என்றார். வெட்கம் கெட்டவன், நானும் தலையாட்டினேன்.

அடுத்தமுறை குசினிக் கதவுக்குப் பின்னால் கள்ளன்போல் ஒளித்துநின்று எடுத்தேன். அம்மா கோப்பை கழுவினார், கழுவினார், கழுவிக்கொண்டே இருந்தார். சுருள் முடிந்து கமரா ஓய்ந்த பிறகு, திரும்பிப் பார்க்காமலே சொன்னார்: "அப்பா வேலைக்குப் போனாப்பிறகு குழாயைத் திறந்துவிட்டிட்டு அழுறனான். பக்கத்து வீட்டுக்குக் கேளாது."

மகன் என்றால் ஓடிப்போய்க் கட்டிப்பிடித்திருக்க வேண்டும். நான் "ஐயோ, சுருள் முடிஞ்சுபோச்சே!" என்று தலையில் அடித்துக்கொண்டேன். அம்மா கையைத் துடைத்துவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார். இரண்டு கிழமையாக என்னோடு கதையில்லை. எனக்கு நித்திரையும் இல்லை, சோறும் இறங்கவில்லை. ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். நான் அம்மாவைக் கோணல் என்று படம் எடுக்கப் போனேன்.

ஆகவே உங்கள் சொற்படி படத்தைக் கைவிட்டேன். கணக்கியலுக்கே திரும்புகிறேன். மாமிக்கும் மச்சாள் ரஞ்சினிக்கும் என் அன்பைச் சொல்லுங்கள். முருகன் உங்கள் எல்லோருக்கும் துணை நிற்பான்.

அன்பு மருமகன், முன்னாள் கலைஞன்,
இந்திரகுமார்

பி.கு: கடிதத்தை ஒட்டப்போன நேரம் அம்மா வந்து, "புதுச் சுருள் இருக்கே?" என்றார். அவசரமாகப் போட்டேன். அம்மா கமராவை என்னிடமிருந்து வாங்கி, என்னைக் கட்டிலில் இருத்திவிட்டு, தானே விசையை அழுத்தினார். "இப்ப நீ சொல்லு. ஏன் நித்திரை கொள்ளுறேல்லை? ஏன் சாப்பிடுறேல்லை? எனக்கும் இப்பிடித்தான் ராசா தொடங்கினது." மாமா, நான் அழுதேன். அம்மா நிறுத்தாமல் எடுத்தார். பிறகு பக்கத்தில் வந்திருந்து, "நாளைக்கு என்ரை முறை" என்றார். ஆகவே கணக்கியல் வேண்டாம், படம் நடக்கிறது. ஊரில் யாரும் கேட்டால், மருமகனுக்குத்தான் நரம்புத் தளர்ச்சி என்று தாராளமாகச் சொல்லுங்கள்.