குழியை அளக்க வந்தவர்கள்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

மாமா எழுதுவது. இங்கே நானும் உங்கள் அத்தையும் நலம். வீடு மட்டும் கொஞ்சம் ஆடுகிறது. "கல்குவாரிக்காரனோட உங்களுக்கு எதுக்கு வம்பு, எங்ககூட வந்து இருங்க" என்று எழுதியிருந்தீர்கள். அதற்கு இனி அவசியமில்லை. வழக்கில் ஜெயித்துவிட்டேன். நம் வீட்டை ஒட்டி அவன் தோண்டும் அனுமதியில்லாத குழியை கனிமம், நில அளவை, போலீஸ் என்று மூன்று துறைகளும் கூட்டாக ஆய்வு செய்து கடமையைச் செய்ய வேண்டும் என்று நீதிமன்றமே சொல்லிவிட்டது.

செவ்வாய்க்கிழமை வந்தார்கள். மாப்பிள்ளை, வகுப்பில் மூன்று பையன்களிடம் ஒரே கணக்கைக் கொடுத்தால் ஆளுக்காள் அடுத்தவன் பலகையைப் பார்ப்பான் அல்லவா, அப்படித்தான். நிலம் யாருடையது என்று தெரியாமல் நடவடிக்கை எடுக்க முடியாது என்றார் கனிமத்துறை அதிகாரி, போலீஸ் பாதுகாப்பு இல்லாமல் நிலத்தை அளக்க முடியாது என்றார் நில அளவையர், கனிமத்துறை எழுத்தில் கேட்காமல் பாதுகாப்பு தர முடியாது என்றார் இன்ஸ்பெக்டர், மூன்று பேரும் பக்கத்தில் பக்கத்தில்தான் நிற்கிறார்கள், நான்தான் ஒருவர் சொன்னதை இன்னொருவருக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன். கடைசியில் அளவையர் மனம் இரங்கி, "சரி, எல்லைக்கல்லைக் காட்டுங்க சார்" என்றார். "அதையும் சேர்த்துத்தான் தோண்டிட்டாங்க." "கல்லு இல்லாம எங்கேர்ந்து அளக்கறது? இருந்த இடத்தையாவது காட்டுங்க." நான் குழியின் விளிம்பில் நின்று அந்தரத்தில் விரலை நீட்டினேன். 'மனுதாரர் காட்டிய இடத்தில் கல் ஏதும் காணப்படவில்லை' என்று அழகான கையெழுத்தில் எழுதிக்கொண்டார். அதற்குள் குவாரி முதலாளி நாற்காலி போட்டு டீ கொடுத்துவிட்டான். உட்கார்ந்த இடம் லாரி வரும் வழி. ஒவ்வொரு கல் லாரி வரும்போதும் மூன்று பேரும் எழுந்து, நாற்காலியைத் தூக்கிக்கொண்டு ஒதுங்கி, வழிவிட்டு, மறுபடி உட்கார்ந்தார்கள். பத்து லாரி போயிற்று, ஒரு சொட்டு டீ சிந்தவில்லை.

உங்கள் அத்தைக்குத்தான் பொறுமை இல்லை. "நீங்க கேஸ் போட்டப்புறம்தான் அவன் ரெண்டு மெஷின் கூட இறக்கியிருக்கான். தடை வர்றதுக்குள்ள முடிச்சிடணுமாம். உங்களால அவனுக்குச் சுறுசுறுப்பு வந்ததுதான் மிச்சம்!" என்கிறாள். நான் விடுவதாக இல்லை. முப்பது வருஷம் கடன் கட்டிய வீடு. தீர்ப்பு நம் பக்கம் இருக்கிறது, அறிக்கை போகட்டும், பாருங்கள்.

மகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் எங்கள் ஆசிகள். எல்லோரும் நோய்நொடி இல்லாமல் நன்றாக இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
அன்பு மாமா

பின்குறிப்பு: உறையை ஒட்டும் நேரத்தில் உத்தரவு வந்துவிட்டது. மூன்று துறையும் ஒரே நாளில் கையெழுத்துப் போட்டிருக்கின்றன. குழி விளிம்பிலிருந்து நம் சமையலறைச் சுவர் வரை பதினோரு அடி நாலு அங்குலமாம், துல்லியமாக அளந்திருக்கிறார்கள். மனித உயிரைக் காப்பது அதிகாரிகளின் கடமை என்பதால், ஏழு நாளில் நாங்கள் வீட்டைக் காலி செய்ய வேண்டும். ஞாயிற்றுக்கிழமை ஒரு வண்டி பிடித்துக்கொண்டு வாருங்கள். குவாரி முதலாளி தன் லாரியை இலவசமாகத் தருவதாகச் சொல்லி அனுப்பினான்; உங்கள் அத்தை பதில் சொல்லி அனுப்பியிருக்கிறாள், அதைக் கடிதத்தில் எழுத முடியாது.