பன்றிக்காகப் போர்த்திய பாய்

சவாயீ தீவு,
செவ்வாய்க்கிழமை

ஆக்லாந்தில் இருக்கும் மூத்த அக்கா மோயெலங்கிக்கு, தங்கை மரேட்டா அன்போடு எழுதுவது. ஆண்டவர் கிருபையால் இங்கே எல்லாரும் சுகம், பாயைத் தவிர.

உன் மகள் பியாட்டாவின் கல்யாணத்துக்கு அம்மா பின்னிய சீர்ப்பாயைச் சனிக்கிழமைக் கப்பலில் அனுப்புவதாகச் சொன்னேனே, அது இப்போது பக்கத்து வீட்டு லோசாவின் மெத்தைக்கடியில் இருக்கிறது. கோபப்படாமல் படி. போன சனிக்கிழமை லோசா எட்டு மாதம் பின்னி, சிவப்பு இறகும் தைத்து முடித்த பாயை வெயிலில் விரித்துவிட்டுக் குளிக்கப் போயிருக்கிறாள். ஒரு வெள்ளைப் பன்றி வந்து பாதியைத் தின்று, மீதியில் புரண்டு, காதில் இறகோடு ஓடியிருக்கிறது. ஊரில் வெள்ளைப் பன்றி நம் வீட்டில்தானே? அன்றிலிருந்து அதையும் காணோம். குற்றமுள்ள நெஞ்சு என்று நினைத்தேன். "குடும்பத் தலைவர் நீங்கதானே, நம்ம ஊர் வழக்கப்படி மன்னிப்புக் கேட்டு அந்தச் சீர்ப்பாயைப் போர்த்திக்கிட்டு அவ வாசல்ல போய் உட்காருங்க" என்று இவரிடம் சொன்னால், "முழங்கால் மடங்காதுடி, நீ போ" என்கிறார். போனேன். அவளாக வந்து பாயை விலக்கும்வரை எழுந்திருக்க முடியுமா? பாய்க்கடியில் மனுஷிக்கு நிறைய யோசனை வருகிறது அக்கா. நாற்பத்து நாலு வயசு, காலேஜ் படிப்பு, எல்லாம் ஒரு பன்றிக்காகக் குனிந்து கிடக்கிறதே என்று நொந்துகொண்டே நிமிர்ந்தால், மூக்குக்கு நேரே நீ பத்து வயசில் கோணலாகப் பின்னிய அந்த மூலை! சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. பாய் குலுங்கியது. "ஐயோ மரேட்டா, அழாதேடி! பன்னி தின்னதுக்கு நீ என்னடி பண்ணுவே?" என்று லோசா ஓடிவந்து விலக்கினாள். என் முகத்தை எங்கே பார்த்தாள்? "அடேயப்பா, துணி மாதிரியில்ல இருக்கு!" என்று மடித்து உள்ளே கொண்டுபோய்விட்டாள். மன்னிப்புக்குக் கொடுத்ததைத் திருப்பிக் கேட்க நாக்கு எழுமா? மாப்பிள்ளை வீட்டார் முன்னால் பியாட்டா வெறுங்கையோடு நிற்பாளே என்றுதான் இந்த அவசரக் கடிதம்.

அத்தானுக்கு என் அன்பு. பியாட்டா நூறு பாய் பார்த்து வாழட்டும்.

உன் தங்கை,
மரேட்டா

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டுவதற்குள் மழை. லோசா வீட்டுக் கறுப்புப் பன்றி நனைந்துகொண்டு வந்தது; மேலெல்லாம் கோயிலுக்கு வெள்ளையடிக்கிற சுண்ணாம்பு வழிகிறது, காதில் சிவப்பு இறகு! நம் பன்றியை இவர் வெள்ளிக்கிழமையே பாதிரியார் வீட்டு விருந்துக்குக் கொடுத்துவிட்டாராம். லோசா இரண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டாளாம். "அப்பவே சொல்றதுக்கென்ன?" என்றேன். "உன்னைக் கேக்காம கொடுத்தேன்னு தெரிஞ்சா நான்ல பாய்க்கடியில உட்காரணும்" என்கிறார். இப்போது நம் வாசலில் நம் பாயையே போர்த்திக்கொண்டு லோசா உட்கார்ந்திருக்கிறாள். கப்பலுக்கு இன்னும் நாலு நாள் இருக்கிறது, கவலைப்படாதே. எழுதி முடித்துவிட்டுப் போய் விலக்குகிறேன். பாய் குலுங்குகிறது. அழுகையில்லை அக்கா, உன் மூலையைப் பார்த்துவிட்டாள்.