சம்பந்திக்குப் பிழிந்த மூன்று தம்ளர்

லாஸ் மரியாஸ்,
ஞாயிற்றுக்கிழமை.

அன்பும் மதிப்பும் நிறைந்த அக்கா ப்ரோவிதென்சியாவுக்கு,

மாதா புண்ணியத்தில் நானும் உன் மருமகள் நெரெய்டாவும் இங்கே சுகம். அங்கே நீயும் அத்தானும் உன் முழங்காலும் சுகமாக இருக்க வேண்டுகிறேன். சுகம் என்று எழுதியது மரியாதைக்குத்தான். உண்மையில் என் மானம் கப்பலேறிவிட்டது.

நெரெய்டாவைக் கட்டிக்கொள்ளப் போகும் கமீலோவின் அம்மா லுக்ரேசியா, என்னையும் வீட்டையும் பார்க்கக் கடல் தாண்டி பொகோட்டாவிலிருந்து வந்திருக்கிறார். கல்யாணத்துக்குப் பிறகு பிள்ளைகள் இங்கே இருப்பதா, அங்கே இருப்பதா என்பது அவர் வாயிலிருந்துதான் வர வேண்டும். என் பெண் இங்கேயே இருக்க வேண்டும் அக்கா, அதுதான் என் ஆசை. அவளும் போய்விட்டால் இந்த வீட்டில் நானும் ரேடியோவும்தான் மிச்சம்.

நேற்று பிள்ளைகள் ரொட்டி வாங்கப் போன நேரத்தில் அம்மையார் வந்து உட்கார்ந்தார். "காபி போடட்டுமா சம்பந்தி?" என்றேன். "வெயிலா இருக்குங்க, காபி வேண்டாம். நரான்ஹா ஜூஸ் இருந்தாக் கொடுங்க. சர்க்கரை போடாதீங்க" என்றார். நீயே சொல்லு. நமக்கு இனிப்பு ஆரஞ்சுப் பழம் சீனா. பன்றிக்கறியில் பிழிந்து பிசைகிற புளிப்பு ஆரஞ்சுதான் நரான்ஹா. வாசல்ல சீனா மரம் காய்ச்சுத் தொங்குது, இந்தம்மா அதைப் பார்த்துக்கிட்டே நரான்ஹா கேக்குது! மலைக்குளிர்ல பொறந்தவங்க, நாக்கு அப்படி போலன்னு நினைச்சுக்கிட்டேன். மத்த ஊர்ல எல்லாம் இனிப்புப் பழத்துக்கே நரான்ஹான்னுதான் பேருன்னு எனக்கு யாரு சொன்னா? கொல்லையில போய் முள்ளுல கையைக் கிழிச்சுக்கிட்டுப் பறிச்சு, கிழிஞ்ச கையாலேயே பிழிஞ்சு, எரிச்சல்ல மாதாவைக் கூப்பிட்டுக்கிட்டே ஒரு ஜாடி நிறையக் கொண்டு வந்தேன். ஒரு வாய் குடிச்சாங்க. ஒரு கண்ணு தானா மூடிக்கிச்சு. "ரொம்ப... நல்லா இருக்குங்க." நல்லா இருக்குன்னு சொன்னவங்களுக்கு ஒரு தம்ளரோட நிறுத்தினா கஞ்சப்பயன்னு நினைக்கமாட்டாங்களா? இன்னொண்ணு ஊத்தினேன். அதையும் குடிச்சாங்க. ஜாடியில மிச்சம் இருந்ததையும் ஊத்தினேன். அவங்க கண்ணுல தண்ணி. செத்துப்போன புருஷனை நினைச்சுக்கிட்டாங்க போலன்னு நானும் சேர்ந்து கண்கலங்கினேன்.

அப்பத்தான் நெரெய்டா உள்ளே வந்து ஜாடியை மோந்து பார்த்தாள். "அப்பா! இது கறி ஊறவைக்கிறதாச்சே! அவங்களையும் ஊறவச்சிட்டீங்களா?"

அம்மையார் வயிற்றைப் பிடித்துக்கொண்டு விடுதிக்குப் போனவர்தான். நெரெய்டா என் முகத்தைப் பார்க்கவில்லை. இந்த லட்சணத்தில், பிள்ளைகளை இங்கே விட்டுவைங்க என்று எந்த வாயால் கேட்பேன்? பக்கத்து வீட்டுத் திபூர்சியோ இதை உன் கையில் சேர்ப்பான். அவன் வண்டியிலேயே ஏறி வந்துவிடு. காலில் நான் விழுகிறேன், பேச்சை நீ பேசு.

அத்தானுக்கு என் வணக்கம். மாதா உங்கள் இருவர் தலையிலும் கைவைத்துக் காக்கட்டும்.

வெளியே தலைகாட்ட முடியாத தம்பி,
ஹெர்மினியோ

பி.கு.: உறையை ஒட்டுவதற்குள் அம்மையாரே வந்துவிட்டார். "கோவமெல்லாம் இல்லீங்க. வேண்டாம்னு சொன்னா என் பையனையும் வேண்டாம்னுடுவீங்களோன்னு பயந்துதான் மூணையும் குடிச்சேன்" என்றார். எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அப்புறம் தயங்கித் தயங்கி, "உங்க சீனாவை எங்க ஊருக்குக் கொண்டு போகணும்னு ஆசை. தருவீங்களா?" என்றார். "இதுக்கா தயங்குனீங்க? தாராளமாக் கொண்டு போங்க! இங்க கிடந்தா வீணாத்தான் போகும்" என்று சொல்லிக் கூடையைத் தேடினேன். அம்மையார் என்னைக் கட்டிக்கொண்டு அழுகிறார். நெரெய்டாவும் கட்டிக்கொண்டு அழுகிறாள். பழத்துக்கா இத்தனை அழுகை என்று நின்றேன். பொகோட்டாவில் சீனா என்றால் பெண்பிள்ளையாம். கமீலோ இப்போதுதான் சொன்னான். நெரெய்டாவுக்கும் அங்கே போகத்தான் ஆசையாம், என்னிடம் கேட்கப் பயந்தாளாம். கண்ணைத் துடைத்துக்கொண்டு அவள் இப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை அக்கா, அதனால் நான் கொடுத்தது பழத்தைத்தான் என்று வாயைத் திறக்கவில்லை. சமாதானம் பேச நீ வர வேண்டாம். ஆனால் வா. கொஞ்ச நாள் தங்குகிற மாதிரி வா.