ஓர் ஓட்டைக்கு நேர்ந்த கௌரவம்

எங்கள் ஊரில் மேகங்களைக் கயிற்றில் கட்டி வளர்ப்பது வழக்கம். தெருவுக்கு ஒரு மேகம், அதை மேய்க்க ஓர் அரசு ஊழியர். இப்பேர்ப்பட்ட ஊரில் உலகத்துக்கே வழிகாட்டும் ஒரு தத்துவஞானி தோன்றியதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. அன்னாரின் வாழ்க்கை வரலாறு சுருக்கமானது. கல்யாணம் செய்துகொண்டார். அந்த வருஷமே கூடத்துக் கூரை ஒழுக ஆரம்பித்தது.

"ஓடு மாத்தணுங்க" என்றார் மனைவி.

ஞானி சாய்வு நாற்காலியில் படுத்தபடி மேலே பார்த்து, "பாக்கலாம்" என்றார். அடுத்த மழைக்கும் அதையேதான் சொன்னார். இப்படியே முதுமை எய்தி, நன்றாக நனைந்து, இருமல் முற்றிக் காலமானார்.

அந்த ஒற்றைச் சொல்லின் ஆழத்தை முதலில் புரிந்துகொண்டவர்கள் அரசு ஊழியர்கள்தான். அதுவரை, மனுவோடு வருகிறவர்களுக்கு என்ன பதில் சொல்வதென்று தெரியாமல் பாவம் திண்டாடிக்கொண்டிருந்தார்கள். சில அலுவலகங்களில் வேறு வழியில்லாமல் வேலையையே செய்து கொடுத்துவிடும் அவலமும் நடந்திருக்கிறது. ஞானியின் வாக்கு கிடைத்தபின் அந்தக் குறை நீங்கியது. மேஜைக்கு மேஜை அவர் படம் மாட்டினார்கள். நினைவுத் துறை ஒன்றும், துறைக்கு ஓர் இயக்குநரும், இயக்குநருக்கு ஒரு குடையும் ஒதுக்கப்பட்டன.

ஞானியம்மா, அதாவது அவர் மனைவி, துக்கம் கழிந்ததும் முதல் வேலையாகத் தன் தம்பியைக் கூப்பிட்டார். தம்பி கொத்தனார். அவர் ஏணியைச் சாத்தியதுதான் தாமதம், இயக்குநர் குடையோடு ஓடிவந்தார்.

"ஏணியை எடுங்க மேஸ்திரி. ஞானி எந்த ஓட்டையைப் பாத்துச் சிந்திச்சாரோ, அது இனிமே பொதுச் சொத்து."

"சிந்திக்கலைங்க, சோம்பேறித்தனம்" என்றார் ஞானியம்மா. "நான்தானே கூடவே இருந்தேன்."

"ரொம்பப் பக்கத்துல இருந்துட்டீங்கம்மா. தத்துவம் புரியணும்னா கொஞ்சம் தள்ளி நிக்கணும்."

"தள்ளி நின்னா நனையமாட்டீங்க, அது வாஸ்தவந்தான். நான் எங்க படுக்கறது?"

"வழக்கமா படுக்கற இடத்துலயே படுங்க. பாக்க வர்றவங்களுக்கு அசலா இருக்கணும்ல."

கோடையில் ஓட்டை ஒழுகாததால் பார்வையாளர்கள் ஏமாந்துபோனார்கள். துறை உடனே ஒரு மேகத்தை வரவழைத்து அந்த வீட்டின் மேலேயே நிரந்தரமாகக் கட்டிப்போட்டது. ஞானியம்மாவுக்கும் இருமல் வந்தது. கணவரைக் கொண்டுபோன அதே இருமல். பார்வையாளர்கள் "தத்ரூபம்" என்று மெச்சினார்கள்.

பிறகு அது நாகரிகமாகிவிட்டது. வசதியுள்ளவர்கள் கூரையில் ஓட்டை போட்டுக்கொண்டார்கள். ஓட்டையில்லாத வீட்டில் சம்பந்தம் செய்ய யோசித்தார்கள். தம்பி கொத்தனாருக்கு மூச்சுவிட நேரமில்லை. ஞானி வீட்டு அளவு போதுமா, அதைவிட ஒரு விரல் பெரிதாக வேண்டுமா என்று கேட்டுக் கேட்டு இடித்துக் கொடுத்தார். மழைக்காலம் வந்ததும் ஊரே சேர்ந்து இருமியது.

ஒரு நாள் இயக்குநர் கொத்தனார் வீட்டுப் பின்வாசலில் வந்து நின்றார்.

"மேஸ்திரி, என் வீட்டு ஓட்டையை அடைச்சுக் குடுங்க. வெளியே தெரியக்கூடாது. குழந்தைக்கு மூணு நாளா காய்ச்சல்."

"அப்படியே அக்கா வீட்டையும் அடைச்சிடட்டுமா சார்?"

"அது எப்படிய்யா? எல்லாரும் அடைச்சுட்டா அப்புறம் தத்துவத்துக்கு யாருதான் பொறுப்பு?"

இயக்குநருக்குப் பின்னால் நாங்களும் ஒவ்வொருவராக அதே பின்வாசலுக்குப் போனோம். கூரையை அடைத்துவிட்டு, ஒழுகுகிறது என்று விருந்தாளிகள் நம்புவதற்காகக் கூடத்தில் ஒரு வாளித் தண்ணீர் மட்டும் வைத்துக்கொண்டோம். உடம்பும் தேறியது, கௌரவமும் குறையவில்லை.

ஞானியம்மா மட்டும் மனுமேல் மனு போட்டுக்கொண்டிருந்தார். கடைசியில், பொதுமக்கள் கருத்தைக் கேட்டு முடிவெடுப்பதாகத் துறை பெருந்தன்மையோடு அறிவித்தது. கூட்டம் அவர் வீட்டுக் கூடத்திலேயே கூடியது. விசேஷ நாள் என்று மேகத்தைக் கொஞ்சம் அழுத்திப் பிழிந்திருந்தார்கள். கால் வைக்க இடமில்லாமல் ஊரே நின்றதால், ஒழுகும் தண்ணீரைப் பிடிக்கத் தரையில் வைத்திருந்த இரண்டு அண்டாவையும் ஞானியம்மா இரண்டு கையிலும் தூக்கிப் பிடித்துக்கொண்டு படுக்கை நனையாமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஓட்டையை இப்படியே பாதுகாப்பதில் ஆட்சேபணை உள்ளவர்கள் கை தூக்கலாம்" என்றார் இயக்குநர்.

"எனக்கு இருக்குங்க" என்றார் ஞானியம்மா, இருமலுக்கு நடுவே.

"வாய்மொழி ஆட்சேபணைக்கு விதியில இடமில்லைம்மா. கையைத் தூக்கணும்."

ஞானியம்மா எங்களைப் பார்த்தார். "யாராவது இதைக் கொஞ்சம் பிடிங்களேன்."

தம்பி கொத்தனார் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஊரில் அடைக்க வேண்டிய ஓட்டைகள் அவருக்கு இன்னும் நிறைய மிச்சமிருந்தன. நாங்கள் எல்லோரும் குடை பிடித்துக்கொண்டிருந்தோம்.

தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.