ஹீட்டைக் கூட்டி வைத்த நாள்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எனக்கு எழுத வராது. ஐந்தாம் வகுப்போடு என் பள்ளிக்கூடம் முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு நான் எழுதியதெல்லாம் ஊருக்குப் போட்ட கடிதங்களும், மிளகாய்த்தூள் போத்தல்களில் ஒட்டுகிற பெயர்களும்தான். ஞாபகமும் இப்போது சரியில்லை. முன்னுக்கு நடந்தது பின்னுக்கு வந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். (என் வீட்டுக்காரர் இவரைக் கேட்டால் எல்லாம் ஒழுங்காகச் சொல்லுவார். கேட்காததையும் சேர்த்துச் சொல்லுவார். அதுதான் கேட்கவில்லை.)

கூச்சம் நல்ல குணம் என்று சொல்லித்தான் எங்களை வளர்த்தார்கள். கனடாவின் பனி கொட்டுகிற மாரி காலத்தில் அது எவ்வளவு செலவு பிடிக்கிற குணம் என்று ஒருவரும் சொல்லித் தரவில்லை.

மல்வேர்னில் எங்களுடையது ஒரு பழைய ரவுன்ஹவுஸ், வரிசையாக ஒட்டிக் கட்டின வீடுகளில் ஒன்று. இரண்டு பேரும் உழைத்த காலத்தில் வாங்கியது. இப்போது இரண்டு பேருக்கும் பென்சன் மட்டும்தான். வீட்டுக்கும் எங்களைப் போல வயதாகிவிட்டது. யன்னல்கள் மூடியிருந்தாலும் திரைச்சீலை ஆடும். அந்த வருடம் இவருக்கு நெஞ்சில் சளி கட்டி, படியேறினாலே இழுக்கத் தொடங்கியது. "வீட்டைச் சூடாய் வைச்சிருங்கோ, குளிர் இவருக்குக் கூடாது" என்று டொக்டர் சொன்னார். சொல்வதற்கு அவருக்கு என்ன? ஹீட்டைக் கூட்டினால் காஸ் பில் ஏறியது. குறைத்தால் இவர் இருமினார். நான் சுவரில் இருக்கிற அந்தச் சின்னப் பெட்டிக்கு முன்னால் நின்று கூட்டுவதும் குறைப்பதுமாக மாரியைக் கழித்தேன். பில்லும் கட்டாமல் சேர்ந்து போனது. ஒஷாவாவில் இருக்கும் மகளுக்கு மூச்சு விடவில்லை. அவளே தன் வீட்டுக் கடனோடு இழுபடுகிறாள்.

பக்கத்து வீட்டுப் புஷ்பம்தான் ஒரு நாள் வேலிக்கு மேலால் சொன்னாள்.

"அக்கா, குறைஞ்ச வருமானக்காரருக்கு அரசாங்கம் ஹீட் பில்லுக்கு உதவி செய்யுதாம். ஒருக்கா போன் பண்ணிக் கேளுங்கோவன்."

"எனக்கு உதுகள் கதைக்கத் தெரியாதடி."

"தமிழிலை கதைக்க ஆள் குடுப்பினம் அக்கா. நீங்கள் வாயைத் திறந்தால் காணும்."

வாயைத் திறந்தேன். மொழிபெயர்க்க வந்த மனுசி நல்ல பொறுமைசாலி. அவளுடைய பொறுமையை அன்றைக்கு முடித்து வைத்தது நான்தான். காஸுக்கு ஒரு உதவி, ஹைட்ரோவுக்கு (கரண்டுக்கு இங்கே அதுதான் பெயர்) வேறொரு உதவி, காற்றுப் போகிற யன்னலை அடைக்க இன்னொரு உதவி என்றாள். ஒன்று மாதா மாதம் பில்லில் கழியுமாம், ஒன்று பில் கட்ட முடியாமல் போனவர்களுக்காம். எது எது என்று இரண்டாம் தரம் கேட்டேன். மூன்றாம் தரம் கேட்கக் கூச்சமாக இருந்தது. "ஓம், ஓம்" என்று சொல்லிவிட்டேன்.

"வீட்டிலை எத்தினை பேர் அம்மா?"

"ஐஞ்சு பேர்."

"எல்லாரும் உங்களோடையோ இருக்கினம்?"

"இல்லை, மகளும் மருமகனும் பேத்தியும் ஒஷாவாவிலை."

"அப்ப ரெண்டு பேர் அம்மா."

"அதெப்பிடி? அவை எங்கட வீட்டாக்கள் இல்லையோ?"

கடைசியில், இவரோடு என்னால் வெளியே அலைய முடியாது என்பதால் ஒரு ஆள் வீட்டுக்கே வந்து பார்ப்பார் என்று முடிவாயிற்று.

வீட்டைப் பார்க்க வருகிறார்கள்! எனக்கு விளங்கியது அந்த ஒரு விஷயம்தான். அதையும் பிழையாகத்தான் விளங்கினேன். உதவி கேட்கிற வீடு உதவி தேவைப்படுகிற வீடு மாதிரி இருக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. வீட்டுக்கு ஆள் வருவதென்றால் வீடு ஆள் வருகிற வீடு மாதிரி இருக்க வேண்டும். தாய் தகப்பன் பழக்கியது அவ்வளவுதான்.

விடிந்ததும் ஹீட்டைக் கூட்டினேன். வருகிறவர் குளிரில் நடுங்கினால் எங்களுக்கல்லவா மரியாதைக்குறைவு? இன்னும் கொஞ்சம் கூட்டினேன். கட்லட் பொரித்தேன், ரோல்ஸ் சுற்றினேன், ரவையில் கேசரி கிண்டினேன். கலியாணத்துக்குக் கட்டுகிற கூறைப் பட்டு ஒன்றுதான் குறை. அதற்கு அடுத்த சேலையை எடுத்துக் கட்டினேன். என் காப்புகள் மகளின் கலியாணத்தோடு போய்விட்டன. வெறுங்கையைப் பார்த்த புஷ்பம் தன் காப்புகளைக் கழற்றி எனக்குப் போட்டுவிட்டாள். போர்வை, மெத்தை, கிழிந்த கம்பளம், நாங்கள் வீட்டுக்குள் போட்டுக்கொண்டு திரிகிற தடித்த ஜாக்கெட்டுகள் எல்லாவற்றையும் வாரி மேல் அறைக்குள் அமத்திக் கதவைச் சாத்தினேன்.

இவர் கதிரையில் இருந்து எல்லாவற்றையும் பார்த்தார்.

"இஞ்சேரும், ஆரைப் பொம்பிளை பார்க்க வருகினம்?"

"நீங்கள் பேசாமல் இருங்கோ. ஆள் வந்தால் வாயே திறக்கப்படாது."

வருவது ஒரு வெள்ளைக்காரராக இருக்கும் என்று நினைத்திருந்தேன். வெள்ளைக்காரரிடம் கஷ்டம் என்று சொன்னால் பரவாயில்லை. அவர் போய் யாரிடம் சொல்லப் போகிறார்? கதவைத் திறந்தால் நெற்றியில் சின்னப் பொட்டோடு ஒரு தமிழ்ப் பெண்!

"வணக்கம் அன்ரி, நான் தர்ஷினி. போனிலை சொன்னவை எல்லே, நான்தான்."

உள்ளே வந்தவள் முதலில் ஜாக்கெட்டைக் கழற்றினாள். பிறகு உள்ளே போட்டிருந்த ஸ்வெட்டரைக் கழற்றினாள். பிறகு கையிலிருந்த பைல் மட்டையால் விசுக்கத் தொடங்கினாள். நான் கேசரியை நீட்டினேன். அதோடு, எங்களுடைய ஆட்கள் முதலில் கேட்கிற கேள்வியையும் கேட்டுத் தொலைத்தேன்.

"பிள்ளைக்கு ஊரிலை எவடம்?"

"அம்மாவுக்கு அளவெட்டி அன்ரி."

"அளவெட்டியோ? எங்கட சம்பந்தி மனோன்மணியும் அளவெட்டிதான்."

"மனோ மாமியோ! அவ எங்களுக்குச் சொந்தம் எல்லே. போன மாதம் ஒரு பிள்ளையின்ரை சாமத்தியச் சடங்கிலை கண்டு கதைச்சனான்."

என் கையிலிருந்த கேசரித் தட்டு தானாக மேசைக்குப் போனது. மனோன்மணிச் சம்பந்தி மில்லிக்கனில் பெரிய வீட்டில் இருக்கிறவர். மகளின் கலியாணத்தில் நாங்கள் எவ்வளவு தலை நிமிர்ந்து நின்றோம் என்பது எனக்கும் கடவுளுக்கும் தெரியும். நாங்கள் ஹீட் பில் கட்ட முடியாமல் இருக்கிறோம் என்று அவர் காதில் விழுந்தால், நாளைக்கு என் பிள்ளை அந்த வீட்டில் எந்த முகத்தோடு நடப்பாள்?

"போனிலை, பில் கட்டக் கஷ்டமாய் இருக்கெண்டு சொன்னனீங்கள் அன்ரி?" தர்ஷினி மெல்லக் கேட்டாள்.

"அது சும்மா ஒரு கதைக்குச் சொன்னது பிள்ளை."

"சும்மாவோ?"

"எங்களுக்கு என்ன குறை? ரெண்டு பேர்தானே."

"வீடு எப்பவும் இப்பிடித்தான் சூடாய் இருக்குமோ?"

"எப்பவும்! சில நேரம் யன்னலைத் திறந்து விடுறனாங்கள்." (கடவுளே, அந்த யன்னல்கள் திறந்து எத்தனை வருசம்!)

அவள் என் சேலையைப் பார்த்தாள். காப்புகளைப் பார்த்தாள். கட்லட் மலையைப் பார்த்தாள்.

"அப்ப என்னத்துக்கு அன்ரி எங்களைக் கூப்பிட்டனீங்கள்?"

யோசிக்காமல் வாயில் வந்ததைச் சொன்னேன்.

"கட்லட் சாப்பிடத்தான் பிள்ளை."

அவள் குழம்பிப்போனாள். நான் அவளைவிடக் குழம்பிப்போய் நின்றேன். உதவி வேண்டும் என்று நான்தான் கூப்பிட்டேன். உதவி வேண்டாம் என்று நான்தான் துரத்துகிறேன். என் வாயை யார் ஓட்டுகிறார்கள் என்று எனக்கே தெரியவில்லை. அவள் மட்டையை மூடிப் பையில் வைக்கப் போனாள். அப்போது கதிரையிலிருந்து இவருடைய குரல் வந்தது.

"பிள்ளை, நீங்கள் நாளைக்கும் வருவியளோ?"

"ஏன் அங்கிள்?"

"நீங்கள் வாறியள் எண்டுதான் உவ ஹீட்டைக் கூட்டினவ. இந்த மாரிக்கு இண்டைக்குத்தான் நான் இருமாமல் இருக்கிறன். கிழமைக்கு ரெண்டு தரம் வந்தியள் எண்டால் எனக்கு மருந்தே தேவையில்லை."

"ஐயோ, உங்களை நான் என்ன சொன்னனான்!"

"வாயைத் திறக்க வேண்டாம் எண்டனீர். சூட்டிலை தன்பாட்டிலை திறந்திட்டுது."

தர்ஷினி எழுந்தாள். மேல் அறை யன்னலை ஒருக்கால் பார்க்க வேண்டும் என்றாள். நான் படிக்குக் குறுக்கே ஓடினேன். இந்தக் காலை வைத்துக்கொண்டு எப்படி ஓடினேன் என்பது இன்றைக்கும் தெரியாது.

"அங்கை போகேலாது பிள்ளை. அது… அது சாமியறை."

"அதுக்கென்ன அன்ரி, கும்பிட்டிட்டு வாறன்."

பக்தியான பிள்ளை. கதவுக்கு முன்னால் நின்று கையைக் கூப்பி, கண்ணை மூடிக்கொண்டு கதவைத் திறந்தாள். நான் அமத்தி வைத்த அவ்வளவும் அவளுக்கு மேல் வந்தது. முதலில் போர்வைகள், அதற்குப் பின்னால் ஜாக்கெட்டுகள், கடைசியில் சரிந்து விழுந்த மெத்தை. மெத்தைக்கு அடியிலிருந்து ஒரு குரல் கேட்டது.

"அன்ரி… சாமி எங்கை?"

கீழேயிருந்து இவர் பதில் சொன்னார். "அந்த ரெண்டு சாமியளும் நாங்கள்தான் பிள்ளை. இரவிலை அதுக்குள்ளைதான் ஒடுங்கிறம்."

மெத்தையை இழுத்து அவளை வெளியே எடுத்தேன். கதவு சாத்திக் கிடந்ததில் அந்த அறை மட்டும் சூடாகவில்லை. அவள் பேசினால் வாயிலிருந்து புகை வந்தது. யன்னல் இடுக்கெல்லாம் நான் பழைய சேலையைக் கிழித்து அடைத்திருந்தேன். அதற்கு மேல் குப்பைப் பையை ஒட்டியிருந்தேன். கட்டிலில், தலையணைக்குப் பக்கத்தில், நாங்கள் படுக்கும்போது போடுகிற கம்பளித் தொப்பிகள். அவள் எல்லாவற்றையும் பார்த்தாள். சிரிக்கவில்லை. கழற்றின ஸ்வெட்டரைத் திரும்பப் போட்டுக்கொண்டு கட்டிலின் ஓரத்தில் இருந்தாள்.

"அன்ரி, நான் சொந்தக்காரியாய் வரேல்லை. வேலைக்கு வந்தனான். இஞ்சை கண்டதை என்ரை அம்மாவுக்கும் சொல்ல மாட்டன். சொன்னால் என்ரை வேலை போயிடும்."

அதற்குப் பிறகுதான் என் வாய் என் பேச்சைக் கேட்டது.

"பிள்ளை, ஹீட்டைப் போட்டால் பில் கட்டேலாது. போடாட்டில் இவர்…"

"இதைத்தான் அன்ரி கேக்க வந்தனான். கட்லட் பிறகு சாப்பிடுவம்."

கீழே வந்து ஏதோ எல்லாம் கேட்டாள், எழுதினாள், இவருடைய பென்சன் கடதாசிகளைப் படம் எடுத்தாள். கட்லட்டைத் தொடவே இல்லை. வேலைக்கு வந்த வீட்டில் எதுவும் வாங்கக் கூடாதாம். (புஷ்பத்தின் பிள்ளைகள் இரண்டு நாள் சாப்பிட்டார்கள்.)

கட்டாமல் கிடந்த பில்லை அவர்கள் நேராகக் காஸ் கொம்பனிக்கே கட்டினார்கள். பிறகு இரண்டு பேர் வந்து யன்னல்களுக்கு ஏதோ பசை மாதிரி வைத்து அடைத்து, கதவுக்கு அடியில் ஒரு றப்பரும் பூட்டிவிட்டுப் போனார்கள். ஹைட்ரோ பில்லிலும் ஏதோ கழிகிறது. எந்த உதவி எந்த வாசலால் வந்தது என்று என்னைக் கேட்காதீர்கள். எனக்குத் தெரிந்தது, இப்போது திரைச்சீலை ஆடுவதில்லை, இவர் இரவில் தொப்பியில்லாமல் படுக்கிறார் என்பதுதான்.

தர்ஷினி சொன்ன சொல்லைக் காப்பாற்றினாள். ஒருவருக்கும் சொல்லவில்லை. சொன்னது நான்.

பேத்தியின் பிறந்தநாளுக்கு மில்லிக்கனில் சம்பந்தி வீட்டுக்குப் போயிருந்தோம். குசினியில் நானும் அவரும் தனியே நின்றபோது, "இந்தப் பெரிய வீட்டைச் சூடாக்க உங்களுக்கு நல்லாய்க் காசு முடியும் என்ன?" என்று வாய் தவறிக் கேட்டுவிட்டேன். சம்பந்தி கதவைச் சாத்திவிட்டு என் காதுக்குக் கிட்ட வந்தார்.

"வீடு பெரிசு சம்பந்தி. என்ரை மனுசன் செத்தாப்பிறகு பென்சன் சின்னன். உங்களிட்டைச் சொன்னால் என்ன, போன மாரிக்கு எங்களுக்கும் அரசாங்கம்தான் பில் கட்டினது. வந்து பார்த்தது ஒரு சீனப் பொம்பிளை. தமிழ் ஆள் எண்டால் வேண்டாம் எண்டு முதலே சொல்லிப்போட்டன்."

நான் எல்லாவற்றையும் கொட்டினேன். சாமியறையில் மெத்தை விழுந்த இடத்துக்கு வந்தபோது சம்பந்தி குசினித் தரையில் இருந்துவிட்டார். சிரித்துச் சிரித்து அவருக்கு எழும்பவே முடியவில்லை. என்ன சத்தம் என்று கதவைத் திறந்த மருமகனும் மகளும் முழுக்கதையையும் கேட்டார்கள். தனக்குச் சொல்லவில்லையே என்று மகள் முதலில் அழுதாள், பிறகு அவளும் சிரித்தாள்.

அன்றிலிருந்து எங்கள் இரண்டு குடும்பத்திலும் யாராவது ஹீட்டைக் கூட்டினால் போதும். "ஆரும் ஒபிசர் வருகினமோ?" என்று ஒரு குரல் வரும். தமிழ் சரியாக வராத பேத்திக்கும் இந்த வசனம் மட்டும் சுத்தமாக வரும்.

இதை வாசித்துவிட்டு யாரும் நான் சொன்னபடியே போன் எடுத்துவிடாதீர்கள். வருமானம் எவ்வளவுக்குள் இருக்க வேண்டும், காஸுக்கு யாரைக் கேட்பது, ஹைட்ரோவுக்கு யாரைக் கேட்பது, வருசத்தில் எத்தனை தரம் கேட்கலாம் என்பதெல்லாம் நான் குழப்பித்தான் எழுதியிருப்பேன். விபரம் தெரிந்த யாராவது தயவுசெய்து ஒருக்கால் பார்த்துத் திருத்திவிடுங்கள். அவர்கள் வருகிற நாளில் ஹீட்டைக் கூட்ட வேண்டாம் என்பதை மட்டும் திருத்த வேண்டாம்.