முகிலிலிருந்து வந்த மனுசி

திரையில் இருந்த வீட்டுக்குள்ளிருந்து ஒரு பெண் கோப்பையோடு இறங்கி வந்தாள். "காலை வணக்கம், அன்பே! பயிருக்குத் தண்ணீர் விட்டுவிட்டேன், கோழிக்கும் தீன் போட்டாயிற்று. நீங்கள் ஆறுதலாக இருந்து தேநீர் குடியுங்கள்" என்று ஆங்கிலத்தில் எழுத்து ஓடியது.

ஜெயந்தன் கதிரையில் இருந்தபடியே விறைத்துப்போனான். அந்த விளையாட்டில் அவன் தனிக்கட்டை.

அது கமம் செய்கிற கொம்பியூட்டர் விளையாட்டு. காடு வெட்டி, வயல் விதைத்து, கோழி வளர்த்து, நாலு வருசமாக அவன் கட்டியெழுப்பிய கமம். மூன்று மாதத்துக்கு முன் கண்டாவளைப் பக்கம் அடித்த ஒரு மின்னலில் கொம்பியூட்டரின் ஹார்ட் டிஸ்க் கருகியது. விளையாட்டைச் சேமித்து வைத்த சேவ் எல்லாம் அதோடு எரிந்துபோயிருக்கும் என்று அவனாகவே முடிவுகட்டி, இரண்டு நாள் ஒழுங்காகச் சோறு தின்னாமல் திரிந்தான். இன்று சனிக்கிழமை காலை, கொம்பியூட்டர் திருத்துகிற கூட்டாளி சதீஸின் கடையிலிருந்து புது டிஸ்க்கோடு பெட்டி வந்தது. சும்மா திறந்து பார்த்தால், ஐயோ, கமம் அப்படியே நிற்கிறது! முருகா என்று கும்பிட்ட கையை இறக்க முன்னம் இவள் தேநீரோடு வந்து நிற்கிறாள்.

வந்தவள் தனியாக வரவில்லை. பின்னால் ஒரு பெடியனும் ஒரு பெட்டையும் "அப்பா! அப்பா!" என்று ஓடி வந்தார்கள்.

"ஆர் இவள்?"

கேட்டது திரையில் இருந்தவள் அல்ல. முதுகுக்குப் பின்னால் மனைவி சுதாஜினி நின்றாள். அவளுடைய கையிலும் ஒரு கோப்பை, அதற்குள்ளும் தேத்தண்ணி.

"எனக்குத் தெரியாது சுதா."

"தலைக்கு மேலை பேர் கிடக்குது. வாசியுங்கோ."

வாசிக்காமலே தெரிந்தது. யதுசா என்று ஆங்கில எழுத்தில் பளிச்சென்று நின்றது. அந்த விளையாட்டில் கலியாணம் கட்டும்போது பெண்ணுக்கு நாங்களே பெயர் வைக்கலாம். உலகத்தில் எத்தனையோ பெயர் இருக்கிறது. ஆனால் ஜெயந்தன் எழுதுவினைஞனாக இருக்கும் கமநல சேவை நிலையத்துக்கு இந்த வருசம் புதிதாக வந்த பிள்ளையின் பெயரும் யதுசா.

"ரெண்டாவது பிள்ளைக்கு இப்ப வசதி காணாதெண்டு எனக்குச் சொன்னனீங்கள். அங்கை வசதி கண்டிட்டுதோ?"

"சத்தியமா நான் கட்டேல்லை!"

"பிள்ளையள் அப்பா எண்டு கூப்பிடுதுகள்."

"அதுகளுக்கு என்ன தெரியும்?"

"எங்கடை பிள்ளையின்ரை பிறந்தநாளுக்கு வந்தவள், சாப்பிட்டு முடிஞ்ச கையோடை நேரை குசினிக்குள்ளை போய்த் தன்ரை கோப்பையைத் தானே கழுவி வச்சவளெல்லோ? எல்லாச் சனமும் பாத்துக்கொண்டு நிண்டது. அப்பவே யோசிச்சன், உவளுக்கு எங்கடை குசினிக்குள்ளை என்ன அலுவலெண்டு."

"கழுவினது நல்ல பழக்கம் தானே, சுதா?"

இந்த இடத்தில் ஒரு புத்தியுள்ள மனிசன் வாயை மூடியிருப்பான். ஜெயந்தனுக்கு அது சொல்லி முடித்த பிறகுதான் விளங்கியது. சுதாஜினி கொண்டு வந்த தேத்தண்ணியை யன்னலுக்கு வெளியே இருந்த ரோசாக் கன்றுக்கு ஊற்றினாள்.

"அழிக்கிறன்! இப்பவே, உமக்கு முன்னாலை அழிக்கிறன், பாரும்."

விளையாட்டை மூடினான். சேவ் கிடக்கும் இடத்தைத் தேடிப் பிடித்தான். நாலு வருச வியர்வையும் ஒரு சின்ன மஞ்சள் பெட்டிக்குள் கிடந்தது. அதை அழித்து, குப்பைத் தொட்டியையும் காலியாக்கினான்.

"போயிட்டாள். காட்டட்டோ?"

திறந்தான். ஒரு சின்ன வட்டம் சுற்றியது. வீடு வந்தது, கதவு திறந்தது. "காலை வணக்கம், அன்பே!" என்று யதுசா கோப்பையை நீட்டினாள்.

"கலைச்சாலும் போறாளில்லை" என்றாள் சுதாஜினி.

பேய் பிசாசு நம்பாத ஜெயந்தன் திருநீற்றுத் தட்டை ஒருதரம் திரும்பிப் பார்த்தான். பிறகு கைபேசியை எடுத்துச் சதீஸுக்கு அடித்தான். தன் மனச்சுத்தத்தைக் காட்டுவதற்காக ஸ்பீக்கரையும் போட்டான், பாவம்.

"சதீஸ், சேவ் எல்லாத்தையும் அழிச்சுப்போட்டனடா. திரும்பத் திரும்ப வருது!"

"வரும் தானே மச்சான். சேவ் உன்ரை பெட்டிக்குள்ளை மட்டுமோ கிடக்குது? மேலை இன்ரநெற்றிலை, கிளவுட் எண்ட இடத்திலையும் ஒரு கொப்பி கிடக்கும். நீ கீழை அழிச்சால், அது மேலை இருந்து இறங்கி வரும்."

"கிளவுட் எண்டால்?" என்று சுதாஜினி கணவனைக் கேட்டாள்.

"முகில்" என்றான் ஜெயந்தன், சத்தம் வெளியே வராமல்.

"ஓகோ. முகிலிலை இருந்து ரெண்டு பிள்ளையளோடை வந்து விழுந்தவளோ?"

சதீஸுக்கு இது ஒன்றும் கேட்கவில்லை. அவன் சந்தோசமாகக் கதைத்துக்கொண்டு போனான். "ஆனாலும் நீ ஆள்தான் மச்சான்! நீ விளையாடுற நேரம் உன்ரை பேர் எனக்கு இஞ்சை காட்டும். மூண்டு மாசமா ஒவ்வொரு நாளும் காலமை பத்து மணியளவிலை உள்ளுக்கை நிக்கிறாய். நல்லாக் குடும்பம் நடத்துறாய் எண்டு நினைச்சுக் குழப்பாமல் விட்டனான்."

"விசரா! மூண்டு மாசமா என்ரை கொம்பியூட்டர் உன்ரை கடையிலையெல்லோ கிடந்தது!"

இதைச் சொன்னதும் ஜெயந்தனுக்கு உயிர் வந்தது. இதைவிடச் சாட்சி என்ன வேணும்? வெற்றியோடு மனைவியைத் திரும்பிப் பார்த்தான். சுதாஜினி பள்ளிக்கூடத்தில் கணிதம் படிப்பிக்கிறவள்.

"கொம்பியூட்டர் கடையிலை. சரி. காலமை பத்து மணிக்கு நீங்கள் எங்கை இருப்பியள்?"

"ஒபிசிலை."

"யதுசா?"

"ஒபி…"

அதற்குப் பிறகு அலுமாரி திறக்கும் சத்தம்தான் கேட்டது. பயணப் பை வாசலுக்கு வந்தது. மாங்குளத்தில் இருக்கும் தகப்பனுக்குச் சுதாஜினி ரெலிபோன் எடுத்தாள். "அப்பா, அம்மாவையும் கூட்டிக்கொண்டு உடனை வாங்கோ. உங்கடை மருமோனுக்கு வேறை குடும்பம் இருக்குது" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டாள்.

பத்து வருசக் கலியாணம், நடன வகுப்பில் இருக்கும் மகள், ஊரில் இருக்கிற கொஞ்ச மானம் எல்லாம் ஒரு கோப்பை தேநீரில் போகப்போகிறது. ஜெயந்தன் குசினிப் பக்கம் போய்ச் சத்தமில்லாமல் சதீஸுக்குத் திரும்ப அடித்தான். சதீஸ் ஒரு வழி சொன்னான். இன்ரநெற் தொடர்பைக் கழற்ற வேண்டும். கீழே இருப்பதை அழித்துவிட்டுப் புதுக் கமம் ஒன்று தொடங்க வேண்டும். பிறகு நெற்றைப் பூட்டினால், கீழே இருப்பதை வைக்கவோ மேலே இருப்பதை வைக்கவோ என்று கேட்கும். கீழே என்று அமத்தினால் மேலே இருக்கிற யதுசா பிள்ளைகுட்டியோடு துலைந்துபோவாள். நாலு வருசக் கமமும் சேர்ந்து போகும். போகட்டும்.

நெற் வயரைப் பிடுங்கி, பழசை அழித்து, ஒரு வெறும் காணியில் புதிதாகத் தொடங்கி முடிக்கவும் வாசலில் மோட்டார் சைக்கிள் வந்து நிற்கவும் சரியாக இருந்தது.

கனகலிங்கம் நீர்ப்பாசனத் திணைக்களத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். வாய்க்கால் சண்டை, வரம்புச் சண்டை என்று முந்தி எத்தனையோ பேருக்குத் தீர்ப்புச் சொன்னவர். தலைக்கவசத்தைக் கழற்றி மகளிடம் கொடுத்துவிட்டு, நடுக் கதிரையில் போய் இருந்தார்.

"அருந்ததி, ஒரு தேத்தண்ணி."

அருந்ததி மாமி ஒன்றரை மணித்தியாலம் பின்சீற்றில் குந்தியிருந்து வந்தவா. இடுப்பைப் பிடித்தபடி குசினிப் பக்கம் போனவா, கொம்பியூட்டர் மேசையைக் கண்டு நின்றா.

"பெட்டி திருத்தி வந்திட்டுதோ, தம்பி?"

"ஓம் மாமி. இண்டைக்குத்தான்."

"ஓ" என்றுவிட்டுக் குசினிக்குள் போய்விட்டா.

விசாரணை தொடங்கியது. சுதாஜினி அழுதழுது சொன்னாள். கனகலிங்கம் கண்ணை மூடிக் கேட்டார். கண்ணைத் திறந்தபோது அது சிவந்திருந்தது.

"தம்பி, நீர் படிச்ச பிள்ளை எண்டு நம்பித்தான் பொம்பிளை தந்தனான்."

"மாமா, அது விளையாட்டு…"

"குடும்பம் உமக்கு விளையாட்டோ? நீர் தந்த பழைய லப்டொப்பிலை நானும்தான் இருக்கிறன். ரண்டு செய்தி பாப்பன், கனடாவிலை இருக்கிற மோனோடை கதைப்பன், மூடி வைப்பன். அதுக்குள்ளை போய்க் கலியாணமே முடிச்சனான்?"

"நானும் முடிக்கேல்லை மாமா!"

"நாப்பத்திரண்டு வருசம் உம்மடை மாமியோடை சீவிக்கிறன். இண்டைவரைக்கும் ஒரு குறை? கேட்டுப் பாரும், ஒரு குறை சொல்லட்டும் பாப்பம்!"

மாமி தேத்தண்ணியைக் கொண்டு வந்து கொடுத்தா. அவர் நிமிர்ந்து பாராமலே வாங்கிக் குடித்து, வெறுங்கோப்பையை அப்படியே பக்கவாட்டில் நீட்டினார். மாமி அதை வாங்கிக்கொண்டா. குறை ஒன்றும் சொல்லவில்லை.

"இப்ப எல்லாத்தையும் முடிக்கிறன்" என்று எழும்பினான் ஜெயந்தன். "எல்லாரும் வந்து நிண்டு பாருங்கோ. மேலையும் இருக்காது, கீழையும் இருக்காது."

எல்லோரும் மேசையைச் சுற்றி நின்றார்கள். நெற் வயரைப் பூட்டினான். சின்ன வட்டம் சுற்றியது. திரையில் இரண்டு கட்டம் வந்து விழுந்தது. எதை வைத்திருக்க விரும்புகிறீர்கள் என்று ஆங்கிலத்தில் கேட்டது. இடதுபக்கம், இந்தக் கொம்பியூட்டரில் இருப்பது: தனியாள், முதலாம் நாள், காணி வெறுங்காணி. வலதுபக்கம், முகிலில் இருப்பது: மனைவி யதுசா, பிள்ளைகள் இருவர், கோழி அறுபத்திநாலு.

வலதுபக்கக் கட்டத்துக்குக் கீழே இன்னும் ஒரு வரி இருந்தது. சுதாஜினி குனிந்து, எழுத்து எழுத்தாக வாசித்தாள்.

"கடைசியாய் சேவ் பண்ணினது… இண்டைக்குக் காலமை ஒன்பது நாப்பது. சேவ் பண்ணின கொம்பியூட்டர்… கனகலிங்கம்."

பழைய லப்டொப்பை மாமாவுக்குக் கொடுத்தபோது, மரியாதையாக இருக்கட்டும் என்று அதற்கு அவருடைய பெயரை வைத்தது ஜெயந்தன்தான். பெயரை மாற்றியவன், தன் விளையாட்டுக் கணக்கில் இருந்து வெளியே வர மறந்துபோனான்; அதில் விளையாட்டைத் திறக்கிற எவரும் அவனுடைய கமத்துக்குள்தான் போவார்கள்.

"அப்பா!" என்று சுதாஜினி நெஞ்சில் கை வைத்தாள். "அந்தப் பிள்ளைக்கு இருபத்தாறு வயசு, அப்பா!"

கனகலிங்கம் மேசையை விட்டு இரண்டு அடி பின்னுக்குப் போனார். தீர்ப்புச் சொல்லிப் பழகிய மனிசனுக்குக் கூண்டில் நின்று பழக்கமில்லை.

"சத்தியமா நான் கட்டேல்லை!"

"இவரும் இதைத்தான் சொன்னவர்!"

"எனக்கு உவள் ஆரெண்டே தெரியாது பிள்ளை! அருந்ததி, நீ சொல்லு! காலமை ஒன்பது நாப்பதுக்கு நான் சந்தையிலையெல்லோ நிண்டனான்?"

"சந்தைக்கெண்டு சொல்லிப்போட்டு எங்கை போனனீங்களோ" என்றாள் மகள். கண்ணீரைத் துடைத்துக்கொண்டு மவுஸைப் பறித்தாள். "ரண்டு வீட்டு மானமும் இதோடை போகட்டும். அழிக்கிறன்."

அம்புக்குறி இடதுபக்கக் கட்டத்துக்கு நகர்ந்தது. ஜெயந்தன் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டான்.

"பொறு பிள்ளை! மேலை இருக்கிறதை அழிச்சுப்போடாதை!"

குசினி வாசலில் இருந்து அந்தச் சத்தம் வந்தது. அருந்ததி மாமி இவ்வளவு உரத்துக் கதைத்து அந்த வீட்டில் ஒருவரும் கேட்டதில்லை. வெறுங்கோப்பை இன்னும் அவாவின் கையில்தான் இருந்தது.

"உவையிலை ஒருத்தரும் கட்டேல்லை. நான்தான் கட்டினனான், அப்பா சந்தைக்குப் போற நேரம் அந்த லப்டொப்பிலை. அண்டைக்குப் பிறந்தநாளிலை அவ்வளவு சனத்துக்கை தன்ரை கோப்பையைத் தானே கழுவி வச்சது அந்தப் பிள்ளை ஒருத்திதான். அதாலை அந்தப் பேரைப் போட்டுக் கட்டினன்."

கனகலிங்கம் கதிரையைப் பிடித்துக்கொண்டு மெல்ல இருந்தார்.

"நீ கட்டினனியோ? உனக்கு என்னத்துக்கடி ஒரு மனுசி?"

"நாப்பத்திரண்டு வருசமா நீங்கள் ஒண்டு வச்சிருக்கிறியள், அது எவ்வளவு சுகமெண்டு நானும் பாத்துக்கொண்டுதானே இருக்கிறன்."